முன்னாலேயே இறங்கிவிட்ட கார்

"ஐயோ, நிறுத்துங்க! என் துணி சாம்பிளெல்லாம் உள்ளேயே இருக்கு!"

இரும்புக் கதவு மூடியபிறகு கத்தி என்ன பிரயோஜனம்? அவளுடைய வெள்ளைக் கார், நின்றிருந்த இரும்புத் தட்டோடு சேர்ந்து, ராட்டினத்தில் ஏறின மாதிரி, கோபுரத்துக்குள் மேலே போய்க்கொண்டிருந்தது.

ஒசாகாவின் துணிச் சந்தைத் தெருவில், இரண்டு கட்டடங்களுக்கு நடுவே ஒல்லியாக நிற்கும், கார்களை அடுக்கடுக்காக நிறுத்திவைக்கும் கோபுரம் அது. பொத்தானை அழுத்தி கார்களை ஏற்றி இறக்குபவன் கியோஹிகோ.

"உடனே இறக்க முடியாதுங்க. முன்னாடி ரெண்டு பேர் காத்திருக்காங்க."

"உங்க இயந்திரம் ஆமையா?"

"ஆமைதாங்க. ஆனா கோவிச்சுக்காது."

அவள் முறைத்தாள். அப்பப்பா... என்ன கண்கள்! மழை சாய்ந்து அடிக்க, குட்டிக் கூரையின் கீழே இருவரும் ஒட்டி நிற்க வேண்டியதாயிற்று. கார் இறங்குவதற்குள் அவள் இரண்டு தடவை சிரித்துவிட்டாள்.

பெயர் சிசுரு. பக்கத்து ஊரான சகாயில் திரைச்சீலை தைக்கும் கடை வைத்திருக்கிறாள். வாரா வாரம் செவ்வாய்க்கிழமை துணி எடுக்க வருவாள். திரும்பி வந்து, கார் இறங்கும்வரை அந்தக் கூரைக்குக் கீழே நிற்பாள். அந்தச் சில நிமிடங்கள்தான் கியோஹிகோவுக்கு அந்த வாரமே.

"இன்னிக்கும் ஆமைதானா?"

"இன்னிக்கு ஆமைக்குக் கால் வலிங்க."

மழைக்காலம் வந்தது. துணிச் சுருளைக் கட்டிப்பிடித்துக்கொண்டு, தோள் நனைய நனைய அவள் நிற்பதைப் பார்க்க அவனுக்குத் தாங்கவில்லை. பாவம், குளிருமே... அடுத்த செவ்வாய், எதிர்ச் சாரியில் அவள் குடை தெரிந்ததுமே பொத்தானை அழுத்திவிட்டான். அவள் தெருவைத் தாண்டி வருவதற்குள் கார் இறங்கி, சுழல்தட்டில் திரும்பி, வாசலைப் பார்த்து நின்றது. இவனும் குனிந்து வணங்கி நின்றான், கெட்டிக்காரன்!

"ஓ... அதுக்குள்ள வந்துடுச்சா?" என்றாள் அவள்.

"ஆமாங்க! இனிமே நீங்க காத்திருக்கவே வேண்டாம்!"

அவள் முகம் ஒரு கணம் வாடியது. அதற்கு மழைதான் காரணம் என்று நினைத்துக்கொண்டான் மடையன். 'இன்னும் கொஞ்ச நேரம் நில்லுங்க' என்று சொல்ல நாக்கு துடிக்கும். காரில் வந்துபோகிற வாடிக்கையாளரிடம் சம்பளத்துக்கு நிற்கிறவன் அப்படிச் சொல்லலாமா? ரோஷம் வாயைக் கட்டிப்போட்டது.

ஒவ்வொரு செவ்வாயும் கார் தயாராக நின்றது. அவள் ஏறினாள், போனாள். பேச்சு நன்றியோடு முடிந்தது. இலையுதிர் காலத்தில் வருவதையே நிறுத்திவிட்டாள். எதிர்ச் சாரியில் எந்தக் குடை தெரிந்தாலும் இவன் கை பொத்தானுக்குப் போய்த் திரும்பும்.

குளிர் விட்ட ஒரு நாள் வந்தாள். காரை விட்டுவிட்டுப் போய், வெறுங்கையோடு திரும்பினாள். அன்று அவன் பொத்தானை முன்கூட்டி அழுத்தவில்லை. கை ஓடவில்லை.

"என்ன, இன்னிக்கு என்னை விரட்டலையா?"

"விரட்டுறதா... நானா?"

"கடையை மூடிட்டேன். துணிக்காரர்கிட்ட சொல்லிட்டுப் போக வந்தேன். அடுத்த மாசம் எனக்குக் கல்யாணம். ரொம்ப தூரம், புகுவோகாவுக்குப் போறேன்."

கியோஹிகோ பொத்தானை அழுத்தினான். உள்ளே சங்கிலி முனகியது. கார் உச்சித் தட்டில் இருந்தது, இறங்க நேரமாகும்; நல்லவேளை.

"சிசுரு சான்... நீங்க நனையக் கூடாதுன்னுதான் காரை இறக்கி வெச்சேன். சத்தியமா வேற எதுவும் இல்லை."

அவள் அவனையே பார்த்தாள். கண் நிறைந்துவிட்டது.

"நனையத்தானே வந்தேன்! நான் துணி எடுக்கிற கடைக்குப் பின்னாடி வாடிக்கையாளர் கார் விட இடம் இருக்கு, தெரியுமா? காசே கிடையாது. அதை விட்டுட்டு வாரா வாரம் இங்க எதுக்கு வந்தேன்னு நினைச்சீங்க?"

தினமும் இந்தத் தெருவில் நிற்கிறவனுக்கு இது தெரியாமல் போயிற்றே... இத்தனை மாதம் தன் கையாலேயே அவளை அனுப்பி வைத்திருக்கிறானே!

"எனக்கு உங்களைப் பிடிச்சிருந்துது. இப்பவும் பிடிச்சிருக்கு. முதல் நாள் முறைச்சீங்களே, அப்பலேர்ந்து..." என்றான் கியோஹிகோ.

கதவு திறந்தது. வெள்ளைக் கார் மெதுவாகத் திரும்பி வாசலைப் பார்த்தது. அவள் உள்ளே ஏறி, கண்ணாடியை இறக்கினாள். கன்னத்தைத் துடைத்துக்கொள்ளவில்லை.

"காரை மட்டுந்தான் சீக்கிரம் கொண்டு வருவீங்களா, கியோஹிகோ சான்?"