மெதுவாக ஓடும் அப்பா

பட்டாணி ஒரே ஒரு பட்டனைத்தான் அமுக்கினாள்.

அக்கா சில்லு அப்போது சமையலறையில் தண்ணீர் குடித்துக்கொண்டிருந்தாள். கூடத்திலிருந்து பெரும் இரைச்சல் கேட்டது. விசில், கைத்தட்டல், கூட்டத்தின் கூச்சல். எல்லாம் டிவியிலிருந்துதான். டம்ளரை வைத்தாளா, போட்டாளா என்று அவளுக்கே தெரியாது. கூடத்துக்கு ஓடினாள்.

பட்டாணி கன்ட்ரோலரைக் கையில் வைத்துக்கொண்டு தரையில் உட்கார்ந்திருந்தாள். டிவித் திரையில் கூடைப்பந்து மைதானம். அதன் மேலே சிவப்பு எழுத்துகள்.

கம்பேக் சேலஞ்ச். கடைசி வாய்ப்பு.

"என்னடி பண்ணின?"

"ஒண்ணும் பண்ணல" என்றாள் பட்டாணி. பிறகு மெல்லிய குரலில் சொன்னாள். "அம்மா சும்மாவே நின்னுக்கிட்டு இருந்தா. கொஞ்சம் ஓடட்டும்னு அமுக்கினேன்."

சில்லு, பட்டாணி இரண்டுமே அம்மா வைத்த செல்லப் பெயர்கள். பள்ளிக்கூடத்துப் பெயர்கள் வேறு. அம்மா இந்த வீடியோ கேமில் ஓர் அணியும் செய்து வைத்திருந்தாள். அதில் ஐந்து ஆட்டக்காரர்கள். அம்மா, அப்பா, சில்லு, பட்டாணி. ஐந்தாவதுக்கு வீட்டில் ஆள் இல்லாததால், பக்கத்து வீட்டுப் பூனை. அந்த ஆட்டக்காரருக்கு நீளமான மீசை வைத்து, பூனை என்றே பெயரும் கொடுத்துவிட்டாள்.

பட்டாணி கைக்குழந்தையாக இருந்தபோது செய்த அணி அது. அதனால் திரையில் இருந்த பட்டாணிக்குத் தலை மொட்டை. நிஜப் பட்டாணிக்கு அதில் ரொம்ப வருத்தம்.

இப்போது அம்மா இல்லை. மருத்துவமனைக்குப் போனவள் திரும்பி வரவில்லை. திரையில் மட்டும் இருந்தாள். பள்ளி விட்டு வந்ததும் சில்லு டிவியைப் போட்டு அணியின் படத்தைத் திறப்பாள். ஐந்து பேரும் வரிசையாக நிற்பார்கள். அம்மா அவ்வப்போது கையைத் தூக்கித் தலைமுடியை இறுக்கிக் கட்டிக்கொள்வாள். நிஜ அம்மாவும் எந்த வேலையைத் தொடங்கும் முன்பும் அப்படித்தான் செய்வாள். சில்லு அதைப் பார்த்துவிட்டு அணைத்துவிடுவாள். ஒரு நாளும் ஆடியதில்லை.

ஆடாததற்குக் காரணம் இருந்தது.

கம்பேக் சேலஞ்ச் என்பது பொல்லாத விளையாட்டு. தோற்றுக்கொண்டிருக்கும் ஓர் ஆட்டத்தைப் பாதியில் நம் கையில் கொடுத்து, இப்போது ஜெயித்துக் காட்டு என்று சொல்லும். மூன்று வாய்ப்புகள் உண்டு. மூன்றிலும் தோற்றால் அணி கலைந்துவிடும். அம்மா, அப்பா, பூனை, மொட்டைத் தலை எல்லாம் அழிந்துபோகும். நடுவில் டிவியை அணைத்தாலும் தோல்விதான்.

அம்மா இரண்டு வாய்ப்புகளில் தோற்றிருந்தாள்.

"அக்கா, அழிஞ்சிடுமா?" பட்டாணியின் உதடு பிதுங்கியது.

அவள் முதுகில் நாலு வைக்கலாம் போலத்தான் சில்லுவுக்கு இருந்தது. ஆனால் விசில் ஊதிவிட்டார்கள். கன்ட்ரோலரைப் பிடுங்கிக்கொண்டு உட்கார்ந்தாள்.

பன்னிரண்டு புள்ளிகள் பின்தங்கியிருந்தார்கள். இருந்தது மூன்று நிமிடம்.

பந்து யாரிடம் இருக்கிறதோ அவரைச் சில்லு ஓட்டலாம். மற்ற நால்வரும் தாங்களாக ஓடுவார்கள். பந்து எதிரணியிடம் இருக்கும்போது, திரையில் இருக்கும் சில்லுவை ஓட்டலாம். முதல் பந்து அம்மாவின் கைக்கு வந்தது. சில்லு அவளைத் தூரத்துக் கோட்டுக்கு வெளியே நிறுத்தியே கூடைக்கு எறியவைத்தாள். அங்கிருந்து விழுந்தால் மூன்று புள்ளி. பந்து வளையத்தில் பட்டுத் தெறித்தது. எதிரணி அதை எடுத்துக்கொண்டு போய் இரண்டு புள்ளி போட்டது.

மறுபடி எறிந்தாள். மறுபடி தெறித்தது.

பதினான்கு புள்ளிகள் பின்னால். நல்ல வேளை, எதிரணிக்காரன் ஒருவன் பந்தைக் கோட்டுக்கு வெளியே விட்டுவிட்டான். சில்லு சட்டென்று டைம் அவுட் கேட்டாள். ஆட்டம் நின்றது. இந்தச் சேலஞ்சில் இரண்டு டைம் அவுட்தான். ஒன்று போய்விட்டது.

கை வேர்த்திருந்தது. பாவாடையில் துடைத்துக்கொண்டாள். பின்னால் மூக்கை உறிஞ்சும் சத்தம் கேட்டது. பட்டாணி சுவரோடு ஒட்டிக்கொண்டு, சத்தம் வராமல் அழுதுகொண்டிருந்தாள்.

"இங்க வா" என்றாள் சில்லு.

"அடிப்பியா?"

"அடிக்க நேரமில்ல. வந்து பக்கத்துல உக்காரு."

பட்டாணி வந்து ஒட்டிக்கொண்டாள். அவளுடைய ஈரமான கன்னம் சில்லுவின் தோளில் பட்டது. அம்மா ஆடும்போது சில்லு இப்படித்தான் ஒட்டிக்கொண்டு உட்கார்ந்திருப்பாள். அம்மா தோற்றதை இரண்டு முறையும் பார்த்தவள் அவள். தூரத்திலிருந்து நாலு போட்டால் கதை முடிந்தது என்று அம்மா எறிந்துகொண்டே இருப்பாள். அதில் முக்கால்வாசி தெறித்துவிடும். இரண்டாம் முறை தோற்ற பிறகு சிரித்துக்கொண்டே அணைத்தாள். அடுத்ததை அவசரப்படாமல் ஆட வேண்டும் என்று அன்றைக்குச் சொன்னாள்.

நானும் அதே தப்பைத்தானே செய்கிறேன் என்று நினைத்தாள் சில்லு.

பதினான்கையும் ஒரே மூச்சில் எடுக்க முடியாது. இரண்டிரண்டாக எடுக்கலாம். ஆனால் நாம் இரண்டு போட்டு, அவர்களும் இரண்டு போட்டால் எப்படி எட்டிப்பிடிப்பது? முதலில் அவர்களைப் போடவிடாமல் செய்ய வேண்டும். எதிரணியில் தாடிக்காரன் ஒருவன் இருந்தான். பெரும்பாலும் அவன்தான் கூடைக்கு எறிந்தான். அவன் எப்போது எறிவான் என்றுதான் கண்டுபிடிக்க முடியவில்லை.

அதைப் பட்டாணியிடம் சொன்னாள். சும்மா, பயத்தைப் பகிர்ந்துகொள்ளத்தான் சொன்னாள்.

"எனக்குத் தெரியுமே" என்றாள் பட்டாணி. "காலை டொக்குனு ஒரு தட்டு தட்டுவான். அப்புறம்தான் போடுவான்."

"நீ எப்படிப் பார்த்த?"

"அவன் ஷூ பச்சை. நல்லா இருக்கு. நான் ஷூவையே பார்த்துக்கிட்டு இருந்தேன்."

சில்லு அவளைத் திரும்பிப் பார்த்தாள். "சரி. நீ ஷூவை மட்டும் பாரு. தட்டினா சொல்லு."

ஆட்டம் மறுபடி தொடங்கியது. சில்லு அம்மாவைக் கூடைக்குக் கிட்டே கொண்டுபோய்ப் போட்டாள். இரண்டு புள்ளி. பன்னிரண்டு பின்னால்.

தாடிக்காரன் பந்தோடு வந்தான். இடப்பக்கம் ஆடினான். வலப்பக்கம் ஆடினான்.

"தட்டிட்டான்" என்றாள் பட்டாணி.

சில்லு எம்பும் பட்டனை அமுக்கினாள். திரையில் சில்லு எம்பி, பந்தை அப்படியே தட்டிவிட்டாள். தாடிக்காரன் திருதிருவென்று விழித்தான்.

அந்தப் பந்தை அம்மா கூடையில் போட்டாள். பத்து பின்னால். பிறகு எதிரணியின் குட்டையன் ஒருவன் ஓடிவந்து போட்டுவிட, மறுபடி பன்னிரண்டு. சில்லு பல்லைக் கடித்தாள். தூரத்திலிருந்து எறியக் கை துறுதுறுத்தது. எறியவில்லை. பந்தைச் சுற்றிச் சுற்றி அனுப்பினாள். மூலையில் பூனை தனியாக நிற்பது தெரிந்ததும் அதற்குக் கொடுத்தாள். யாரும் மறிக்காததால் பூனை நிதானமாக எறிந்தது. மூன்று புள்ளி. கூட்டம் ஆரவாரித்தது. பூனை மீசையைத் தடவிக்கொண்டது.

ஒன்பது. ஏழு. பட்டாணி சொல்லச் சொல்ல, சில்லு எம்பினாள். ஐந்து.

சிக்கல் அப்பாவால்தான் வந்தது. அந்தக் கனத்த ஆட்டக்காரருக்கு அம்மா நிறைய உயரம் கொடுத்திருந்தாள், வேகத்தைக் கொடுக்கவே இல்லை. எதிரணிக் கூடைக்குப் போனால் திரும்பி வர ஒரு யுகம் ஆகும். அதற்குள் எதிரணி இங்கே வந்துவிடும்.

"அப்பா, சீக்கிரம் வாங்கப்பா" என்று சில்லு கத்தினாள்.

"வந்துட்டேனே" என்றது ஒரு குரல்.

வாசலில் நிஜ அப்பா நின்றிருந்தார். அவர் லிஃப்ட் பழுது பார்ப்பவர். தோளில் கருவிப் பை தொங்கியது. கையில் கிரீஸ் கறை. அம்மா போன பிறகு அவர் அதிகம் பேசுவதில்லை. வருவார், கை கழுவுவார், சமைப்பார், பாத்திரம் துலக்குவார். டிவிப் பக்கம் திரும்பவே மாட்டார்.

இன்று திரும்பினார். சிவப்பு எழுத்துகளைப் படித்தார். தோளிலிருந்த பையைக் கீழே வைக்கக்கூட இல்லை.

திரையில் அம்மாவை ஒருவன் இடித்துத் தள்ளிவிட்டான். தண்டனையாக அம்மாவுக்கு இரண்டு தனி வீச்சுகள் கிடைத்தன. அம்மா கோட்டில் வந்து நின்றாள். கையைத் தூக்கித் தலைமுடியை இறுக்கிக் கட்டிக்கொண்டாள்.

அப்பா ஓர் அடி முன்னால் வந்தார்.

இரண்டும் உள்ளே விழுந்தன. மூன்று பின்னால். சில்லு இரண்டாவது டைம் அவுட்டையும் எடுத்தாள்.

"நான் வேணும்னு செய்யலப்பா" என்றாள் பட்டாணி. அப்பா அவள் தலையில் கை வைத்தார். கிரீஸ் ஞாபகம் வந்து கையை எடுத்துக்கொண்டார்.

சில்லு கன்ட்ரோலரை அவரிடம் நீட்டினாள். "நீங்க ஆடுங்கப்பா. என் கை நடுங்குது."

அப்பா தன் கையை நீட்டிக் காட்டினார். அதுவும் நடுங்கியது.

"நீயே ஆடு" என்றார். "தோத்தாலும் பரவாயில்ல."

பரவாயில்லை என்று சொன்னாரே தவிர, அவர் முகம் அப்படிச் சொல்லவில்லை. சில்லு திரையைப் பார்த்தாள்.

நாற்பது நொடிகள். பந்து எதிரணியிடம். இனி அவர்கள் போட அவசரப்பட மாட்டார்கள். பந்தை வைத்துக்கொண்டு நேரத்தைக் கடத்துவார்கள். கடிகாரத்தை நிறுத்த ஒரே வழிதான். அவர்களில் ஒருவனைப் பிடித்துத் தள்ளிவிட்டு, அவனுக்குத் தனி வீச்சு கொடுக்க வேண்டும். போட்டுவிட்டான் என்றால் போச்சு. யாரைத் தள்ளுவது? குட்டையன் முன்பு ஒருமுறை தனி வீச்சைக் கோட்டை விட்டது அவளுக்கு ஞாபகம் வந்தது.

ஆட்டம் தொடங்கியது. சில்லு குட்டையனைத் துரத்தித் துரத்திப் பிடித்துத் தள்ளினாள். அவன் இரண்டு முறை எறிந்தான். முதலாவது வளையத்தில் சுற்றி வெளியே விழுந்தது. இரண்டாவது வளையத்தைத் தொடவே இல்லை.

"குட்டையா, நீ ரொம்ப நல்லவன்" என்றாள் பட்டாணி.

பந்தை அப்பா பிடித்தார். சில்லு அவரை ஓட்டினாள். அசைந்து அசைந்து மைதானத்தைக் கடந்து, கூடையடியில் உயரத்தை வைத்துப் போட்டுவிட்டார். ஒரு புள்ளி பின்னால். ஒரே ஒரு புள்ளி.

பந்து தாடிக்காரனிடம் போனது. பத்து நொடி. ஆட்டக்காரர்கள் இந்தப் பக்கம் ஓடி வந்தார்கள். தாடிக்காரன் பந்தைத் தரையில் அடித்துக்கொண்டே நின்றான். ஒன்பது. எட்டு. பட்டாணி திரையில் மூக்கு இடிக்கிற மாதிரி குனிந்திருந்தாள். ஏழு.

அவன் எறியாமல் நின்றே நேரத்தை முடித்துவிட்டால்?

சில்லு மெதுவாக அவனைவிட்டு விலகினாள். கூடைக்குப் போகும் வழியைத் திறந்துவிட்டாள். வா, வந்து போடு என்பதுபோல.

"தட்டிட்டான்."

சில்லு எம்பினாள். பந்து விரல் நுனியில் பட்டு, துள்ளி, அம்மாவின் கைக்குப் போனது.

நான்கு நொடி. உடனே இரண்டு பேர் அம்மாவை மறித்துக்கொண்டார்கள். எறிய வழியில்லை. ஓட வழியில்லை. பூனையை ஒருவன் மறித்தான். மொட்டைத் தலையை ஒருவன் மறித்தான். சில்லுவின் கண் திரை முழுக்க அலைந்தது. மூன்று நொடி.

தூரத்தில், அந்தக் கடைசியில், எதிரணிக் கூடைக்கு நேர் கீழே, ஒருவர் தன்னந்தனியாக நின்றிருந்தார்.

அப்பா. அவர் இன்னும் திரும்பியே வரவில்லை. வருகிறவர் இல்லை என்று எதிரணியும் அவரை விட்டுவிட்டது.

சில்லு பட்டனை அமுக்கினாள். அம்மா பந்தை முழு பலத்தோடு வீசினாள். அது எல்லோர் தலைக்கும் மேலே, மைதானத்தின் ஒரு முனையிலிருந்து மறுமுனைக்குப் போனது. அப்பா இரண்டு கைகளாலும் அதைப் பிடித்தார். அவசரமே படாமல் திரும்பினார். கூடைக்குள் வைத்தார்.

விசில் ஊதியது.

ஒரு புள்ளியில் ஜெயித்திருந்தார்கள். திரையில் சிவப்பு எழுத்துகள் மறைந்து பச்சை எழுத்துகள் வந்தன. இனி இந்த அணி என்றும் உங்களுடையது.

சில்லுவின் விரல்கள் கன்ட்ரோலரைவிட்டு வர மறுத்தன. நிஜ அப்பாவின் தோளிலிருந்து கருவிப் பை நழுவித் தொம்மென்று விழுந்தது.

"அப்பா" என்றாள் பட்டாணி, "உங்களை ஏன் அம்மா இவ்வளவு மெதுவாச் செஞ்சா?"

"என்னைத் தெரிஞ்சுதான் செஞ்சிருக்கா."

சொல்லிவிட்டு அப்பா சிரித்தார். பழக்கம் விட்டுப்போன சிரிப்பு அது, பாதியில் இருமலாக மாறியது. ஷூவைக் கழற்றினார். கை கழுவப் போகவில்லை. இருவருக்கும் நடுவில் இடம் செய்துகொண்டு தரையில் உட்கார்ந்தார்.

சேலஞ்ச் முடியும்வரை பூட்டிக் கிடந்த பயிற்சி மைதானத்தைச் சில்லு திறந்தாள். அங்கே எதிரணி கிடையாது. கடிகாரம் கிடையாது. கன்ட்ரோலரைப் பட்டாணியின் மடியில் வைத்தாள்.

"இப்ப அமுக்கு" என்றாள்.

பட்டாணி அமுக்கினாள். அம்மா தலைமுடியை இறுக்கிக் கட்டிக்கொண்டு ஓடத் தொடங்கினாள். பின்னாலேயே பூனை ஓடியது, மொட்டைத் தலை ஓடியது, சில்லு ஓடினாள். எல்லோருக்கும் கடைசியில், மெதுவாக, அப்பாவும்.