தேடு... டி டிரைவில் தேடு!

"ஐயோ...! அண்ணாச்சீ...!"

சுப்புத்தாயின் அலறலில் தீப்பெட்டி ஆபீஸ் வாசலில் கட்டியிருந்த வாழைமரமே ஒரு ஆட்டம் ஆடியது.

விஜயதசமி காலை. முந்தின நாள் ஆயுத பூஜைக்கு வைத்ததையெல்லாம் மறுபூஜை போட்டு எடுக்க வேண்டும். அதற்கு முன்னால் வாசல் பெருக்க வந்தவள், ஆபீஸ் அறை ஜன்னலில் எட்டிப் பார்த்துவிட்டாள்.

அந்தத் தீப்பெட்டித் தொழிற்சாலையின் முதலாளி பூவனலிங்கம் தரையில் குப்புறக் கிடந்தார். பின்மண்டை பிளந்திருந்தது. பக்கத்தில் பூஜைக் குத்துவிளக்கு...

மேஜை மேல், மாலையும் கழுத்துமாக, ஒன்றும் தெரியாத பிள்ளை போல அந்தக் கம்ப்யூட்டர்!

கதவு பூட்டியிருந்தது. அந்தப் பூட்டுக்கு இரண்டே சாவி. ஒன்று பூவனலிங்கத்தின் இடுப்பில் இருக்கும். அதைக் காணவில்லை.

இன்னொன்று, அங்கே கம்ப்யூட்டரில் பில் அடிக்கும் ஹரிகிருஷ்ணனின் சட்டைப் பையில்.

போதாதா போலீசுக்கு?

* * *

"சார்... இவிய அப்பிடிப்பட்டவிய இல்ல சார்..."

யோகலட்சுமி எத்தனையாவது தடவையாகவோ சொன்னாள். ஹரியின் மனைவி. தலை தீபாவளிக்குப் புடவை எடுக்க வேண்டியவள், போலீஸ் ஸ்டேஷன் பெஞ்சில் உட்கார்ந்திருந்தாள்.

இன்ஸ்பெக்டர் சண்முகராஜ் கடலை மிட்டாயை வாய்க்குள் ஒரு பக்கமாக ஒதுக்கிக்கொண்டார்.

"ஏம்மா... உன் புருசன் மதுரைக்கு வேலைக்குப் போறேன்னு சொல்லிருக்கான். 'எவன் உன்னைச் சேத்துக்கிடுதான்னு பாக்கேன்லே'ன்னு முதலாளி கத்திருக்காரு. ஊரே கேட்டிருக்கு! பூஜை முடிஞ்சு கடைசியா வெளிய வந்தவனும் இவன்தான். சாவியும் இவன்கிட்ட. நான் வேற யாரைப் புடிக்க?"

"சார்!" லாக்கப் கம்பிக்குள்ளிருந்து ஹரி. "நான் கிளம்பும்போது அண்ணாச்சி உசுரோட இருந்தாரு! கம்ப்யூட்டரைப் போட்டுக் கார் ரேஸ் கேமைத் திறந்தாரு. 'நீ போலே, நான் பூட்டிக்கிடுதேன்'ன்னாரு. நான் நேரா பஸ் ஸ்டாண்டுக்குப் போயி, அங்கன காத்துக்கிட்டிருந்த இவளைக் கூட்டிக்கிட்டு கயத்தாறு பஸ் ஏறிட்டேன். மாமனார் வீட்டுல கேட்டுப் பாருங்க!"

எதிர் நாற்காலியில் இருந்தவர் சிரித்தார். சிரிப்பில்லாத சிரிப்பு. செத்தவரின் தம்பி சுந்தரபாண்டியன்.

"கேமாம்! பூஜைக்கு வச்ச மிசினை மறுபூஜை போடாம இந்தப் பக்கம் எவனாவது தொடுவானா சார்? எங்கண்ணன் சூடம் காட்டாம பீரோவையே திறக்கமாட்டாவ. அவிய கேம் ஆடுனாவளாம்!"

"நீங்க அப்ப எங்க இருந்தீங்க?"

"சூடம் காட்டுனதும் பைக்கை எடுத்துட்டு ஓட்டப்பிடாரம் போயிட்டேன். எல்லாரும் பாத்தாங்களே! காலையில சேதி கேட்டுத்தான் ஓடியாந்தேன்."

இன்ஸ்பெக்டர் தலையசைத்தார். யோகா இருவரையும் மாறி மாறிப் பார்த்தாள். இவர்கள் எல்லோரும் ஒன்றாகத் தலையாட்டும்போது தன் புருஷனுக்காகத் தலையாட்ட இந்த ஊரில் யார் இருக்கிறார்கள்?

"சார்... ஒரே ஒரு தடவை!" ஹரி கெஞ்சினான். "அந்த கேம்ல ஒவ்வொரு ஆட்டமும் பதிவாவும். தேதி, நேரம் எல்லாம் இருக்கும். நான் பஸ்ல போன நேரத்துல அவரு ஆடிருந்தா... நான் கொல்லலைன்னு ஆயிரும்லா சார்?"

சண்முகராஜ் யோசித்தார்.

"சரி. கோர்ட்டுக்குப் போற வழிதான். பாத்துட்டுப் போவோம். ஆனா நீ தொடக்கூடாது. என்னத்தையாவது மாத்திருவ."

"அப்ப நீங்க தொடுங்க சார்."

"நானா? இந்த ஸ்டேஷன்ல டைப்ரைட்டரே ஒத்த விரல்லதான்லே ஓடுது!"

"நான்... நான் தொடுதேன் சார்."

சொல்லிவிட்டாள் யோகா. அவளுக்கும் கம்ப்யூட்டருக்கும் இருந்த உறவு ஒரே நாள்தான். ஆயுத பூஜை அன்றைக்குப் பொட்டு வைக்க வந்தவள், எது முக்கியமான பட்டன் என்று தெரியாமல் கீபோர்டில் அத்தனை பட்டனுக்கும் தனித்தனியாகச் சந்தனம் வைத்தாள். ஆபீசே கேலி செய்தது!

* * *

முதல் மழைக்கே கரிசல் மண் எல்லோர் காலிலும் அப்பிக்கொண்டு வந்தது. இன்ஸ்பெக்டர் பூட்ஸை வாசல்படியில் தேய்த்துத் தேய்த்துப் பார்த்துவிட்டு, அப்படியே உள்ளே வந்தார்.

ஹரியை விலங்கோடு வாசலில் நிறுத்தினார்கள். யோகா மேஜை முன் உட்கார்ந்தாள். கீபோர்டு மேல் பழுப்பு நிறப் பிளாஸ்டிக் மூடி. மூடி மேல் வாடின மாலை.

"ஏட்டி, கீழ இருக்கிற பெட்டியில பெரிய பட்டனை அமுக்கு... இப்ப மவுஸைப் புடி... எலியைப் புடிக்கிற மாதிரி நசுக்காத!" வாசலிலிருந்தே ஹரி சொல்லிக்கொடுத்தான்.

திரை விழித்தது.

"கார் படம் போட்டு ஒரு ஐகான் இருக்கா?"

"இல்லீங்க... முருகன் படம்தான் பெருசா இருக்கு."

"நல்லாப் பாரு!"

"இல்லீங்க..."

"நான்தான் சொன்னம்லா சார்!" சுந்தரபாண்டியன் எழுந்தார். "கேமும் கிடையாது, ஒண்ணும் கிடையாது. கிளம்புவமா?"

"இருங்க அண்ணாச்சி!" ஹரி விலங்குக் கையை உயர்த்தினான். "யோகா, மை கம்ப்யூட்டர்னு இருக்கும். அதை ரெண்டு தட்டு தட்டு. சி டிரைவ்... அதுக்குள்ள புரோகிராம் ஃபைல்ஸ்... பொதுவா கேம் எல்லாம் அங்கனதான் போயி உக்காரும்."

தட்டினாள். ஒரு தட்டு தட்டினால் திறக்கவில்லை. மூன்று தட்டினால் எங்கேயோ போனது. ஒருவழியாகத் திறந்தது.

வரிசையாக மஞ்சள் உறைகள். ஒவ்வொரு பெயராக எழுத்துக்கூட்டிப் படித்தாள். கார் கேம் இல்லை.

"எங்க இருக்குன்னு உங்களுக்கே தெரியாதா?"

"அண்ணாச்சி மதுரையில இருந்து ஆளை வரவச்சு ரகசியமா ஏத்துனாருட்டி... நான் ஐகானைத்தான் பாத்திருக்கேன்..."

இன்ஸ்பெக்டர் தொப்பியை மாட்டினார். அவ்வளவுதான் என்று அர்த்தம். யோகா முந்தானையால் கண்ணைத் துடைத்தாள். சத்தம் போட்டு அழவேண்டும் போலிருந்தது. அழுதால் இந்த எழவெடுத்த திரையும் தெரியாது!

"குப்பைத்தொட்டி!" ஹரி திடீரென்று கத்தினான். "மூலையில குப்பைத்தொட்டி படம் இருக்கும் பாரு! அதைத் திற!"

திறந்தாள்.

"என்னங்க... கார்! சின்னதா ஒரு சிவப்புக் கார்!"

"சார்! எவனோ ஐகானை அழிச்சிருக்கான் சார்! ஐகான்ங்கறது வெறும் போர்டு. போர்டைக் கழட்டுனா கடை எங்க போவும்? உள்ளதான் இருக்கும்!"

சுந்தரபாண்டியன் கழுத்தைத் துண்டால் துடைத்தார்.

"அந்தக் கார் மேல வச்சு வலது பக்கம் அமுக்கு. ரீஸ்டோர்னு வருதா? அதைத் தட்டு. இப்ப கார் வெளிய வந்துருக்கும். திரும்ப அது மேல வலது பக்கம்... கடைசியில பிராப்பர்ட்டீஸ்... அதுல ஃபைண்ட் டார்கெட்னு ஒரு பட்டன். அமுக்கு! அது இருக்கிற வீட்டை அதுவே காட்டிக் குடுத்துரும்!"

அமுக்கினாள்.

டி டிரைவ். உள்ளே ஒரு உறை. அதற்குள் கேம்! உறையின் பெயரை யோகா வாய்விட்டுப் படித்தாள்.

"பி... ஏ... கே... பக்தி!"

இன்ஸ்பெக்டருக்குச் சிரிப்பு வந்துவிட்டது. "அண்ணாச்சி பக்தி இதுதானா? சரி, தேதி என்ன போட்டிருக்கு?"

யோகா பார்த்தாள். மறுபடி பார்த்தாள்.

"ஜனவரி... தொண்ணூத்தெட்டு..."

"என்னது? இது ரெண்டாயிரத்து ஒண்ணும்மா!"

ஹரி சுவரில் சாய்ந்துவிட்டான்.

"உள்ள இருக்கிற பேட்டரி செத்துப்போச்சு சார்... ஒவ்வொரு தடவை அணைச்சுப் போடும்போதும் கடிகாரம் பழைய தேதிக்கே ஓடிரும். புதுசு மாத்தணும்னு நான்தான் சொன்னேன். அண்ணாச்சி கேக்கல... மறந்தே போச்சு சார்... மறந்தே போச்சு..."

கடைசிக் கயிறும் அறுந்தது. இதற்கு நம்பிக்கையே இல்லாமல் இருந்திருக்கலாம் என்று யோகாவுக்குப் பட்டது.

ஆனாலும் மவுஸை விடவில்லை. காரை இரண்டு தட்டு தட்டினாள்.

கேம் திறந்தது. 'கடைசியாக ஆடிய ஆட்டம்' என்று ஆங்கிலத்தில் ஒரு பலகை. கீழே இரண்டு பெயர்கள்.

லிங்கம். பாண்டி.

வென்றவர்... பாண்டி!

சண்முகராஜ் மெல்லச் சுந்தரபாண்டியன் பக்கம் திரும்பினார்.

"கேமே கிடையாதுன்னீங்க?"

"அது... எங்கண்ணன் பேரு கெட்டுரக் கூடாதேன்னு சொன்னேன் சார்." சுந்தரபாண்டியன் துண்டை உதறித் தோளில் போட்டார். "நான் ஆடுனது போன பங்குனிப் பொங்கல் சமயத்துல! அன்னிக்கு ஆடுனேன்னு எப்பிடிச் சொல்லுவீங்க? தேதிதான் இல்லையே?"

இன்ஸ்பெக்டர் திரைப் பக்கம் குனிந்தார்.

டப்!

கரண்ட் போனது. யூ.பி.எஸ். இரண்டு முறை கீச்சிட்டது. அதுவும் செத்தது.

திரை கறுப்பு. லிங்கமும் இல்லை, பாண்டியும் இல்லை.

"போதும்மா, எந்திரி. ஏட்டு, அவனை வண்டியில ஏத்துங்க."

யோகா எழுந்திருக்கவில்லை. கீபோர்டு மூடி மேலேயே தலையைக் கவிழ்த்துக் குலுங்கிக் குலுங்கி அழுதாள். அவள் அழுத அழுகையில் மாலை சரிந்தது. மூடி நழுவிக் கீழே விழுந்தது.

எடுக்கக் குனிந்தவள்... அப்படியே நின்றாள்.

"என்னங்க! நான் வச்ச பொட்டு!"

"என்னட்டி?"

"எல்லாப் பட்டனுக்கும் வச்சம்லா! மத்ததுல எல்லாம் காஞ்சு அப்பிடியே இருக்கு. இங்கன நாலு பட்டன்ல இல்ல... அங்கன அம்புக்குறி போட்ட நாலுலயும் இல்ல! விரல் பட்டு உதிர்ந்திருக்கு!"

ஹரிக்குச் சட்டென்று உயிர் வந்தது.

"சார்! ரெண்டு பேர் சேர்ந்து ஆடுனா ஒருத்தருக்கு அம்புக்குறி, இன்னொருத்தருக்கு இடது பக்க நாலு எழுத்து! பொட்டு காஞ்சதும் நானே மூடி போட்டு மூடுனேன். பூஜைக்குப் பொறவு ரெண்டு பேர் ஆடிருக்காங்க சார்! ஆடிட்டு ஐகானை அழிச்சு, பழையபடி மூடி, மாலையையும் போட்டு, அண்ணாச்சி இடுப்புச் சாவியாலேயே பூட்டிட்டுப் போயிருக்கான்!"

சண்முகராஜ் குனிந்து ஜன்னல் வெளிச்சத்தில் பார்த்தார். நிதானமாக. வாயில் இருந்த கடலை மிட்டாயை மெல்லக்கூட மறந்துவிட்டார்.

"கடைசி ஆட்டத்துல ரெண்டே பேரு. ஒருத்தர் செத்துட்டாரு. இன்னொருத்தர் ஓட்டப்பிடாரத்துல இருந்தாராம்..." நிமிர்ந்தார். "அங்கன இருந்தேவா கை இம்புட்டு நீளமா நீண்டுச்சு?"

சுந்தரபாண்டியன் கதவைப் பார்த்தார். கதவில் ஏட்டு நின்றார்.

பொத்தென்று நாற்காலியில் உட்கார்ந்தார்.

"லாரி ஷெட்டுக்காரனுக்குத் தீப்பெட்டி ஆபீசை விக்கப் போறேன்னாரு சார்... எம் பொழப்பு என்னன்னு கேக்கத்தான் திரும்பி வந்தேன். அவரு திரையை விட்டுக் கண்ணை எடுக்கல. 'ஒரு ஆட்டம் என்னைய ஜெயிச்சுக் காட்டுலே, விக்கலை'ன்னாரு. உசுரைக் குடுத்து ஆடுனேன்... ஜெயிச்சேன் சார்!"

"அப்புறம்?"

"'சும்மா சொன்னேம்லே, போ'ன்னாரு. சொல்லிட்டு அடுத்த ஆட்டம் போடக் கையை நீட்டுனாரு... குத்துவிளக்கு கைக்கு எட்டுற தூரத்துல இருந்துச்சு..."

ஹரியின் கையிலிருந்து விலங்கு கழன்றது. யோகா அந்தக் கையைப் பிடித்துக்கொண்டாள். பிடித்த பிடியை விடுவதாக இல்லை.

சண்முகராஜ் கழற்றின விலங்கோடு சுந்தரபாண்டியன் முன்னால் வந்து நின்றார்.

"உங்கண்ணன் ஏமாத்துனா என்ன? ஜெயிச்சவருக்குப் பரிசு குடுக்காம அனுப்புனா நல்லாருக்காது... கையை நீட்டுங்க அண்ணாச்சி!"