முயல் காதும் டிராகன் மீசையும்

உலக மக்கள் அனைவரின் மேலான கவனத்துக்கும் மிகுந்த பொறுப்புணர்வோடு கொண்டுவரப்படும் செய்தி என்னவென்றால்... பூசான் நகரம், ஜின் சந்தை, இரண்டாம் மாடி, ஓ அம்மாளின் ('ஓ' அவள் குடும்பப் பெயர்) நூல் கடையில் காய்ச்சிய பால் நிறத்து உல்லன் நூல் ஐந்தே ஐந்து கண்டுதான் மிச்சம் இருந்தது.

இதைவிட அற்பமான காரணங்களுக்காகப் பேரரசுகள் மோதியிருக்கின்றன. அந்த மார்ச் மாதச் சனிக்கிழமை மோதியவை இரண்டு கைகள். ஒன்று நாரேயின் இடது கை. இன்னொன்று யாருடையது என்று அவள் நிமிர்ந்து பார்த்தாள். உப்புக் காற்றில் காய்ந்து சிவந்த முகம். அதற்குச் சற்றும் பொருந்தாமல், இப்போதுதான் தூங்கி எழுந்த பிள்ளையின் கண்கள்...

'நல்ல கண்ணுதான். அதுக்காக நூலை விட்டுட முடியுமா?' என்று நினைத்துக்கொண்டாள்.

"கையை எடுங்க."

"நீங்க எடுத்தா நானும் எடுக்கறேன்."

"வீட்டுக்காரம்மா வாங்கிட்டு வரச் சொன்னாங்களா?"

"வீட்டுக்காரம்மா இன்னும் கிடைக்கல. பின்றது நான்தான்."

சொன்னதோடு நிற்காமல், மஃப்டி போலீஸ்காரர் அடையாள அட்டையை எடுப்பதுபோலச் சட்டைப்பையிலிருந்து குரோஷா ஊசியை எடுத்துக் காட்டினான். பெயர் கியுஹோ. பல வருடம் சரக்குக் கப்பலில் இருந்தவன். நடுக்கடலில் ஓய்வு நேரத்துக்கு இரண்டு பொழுதுபோக்குதான் உண்டு, குடிப்பது, இல்லாவிட்டால் கையால் எதையாவது செய்வது. குடி அவனுக்கு ஒத்துக்கொள்ளவில்லை. போன மாதம்தான் கரைக்கு வந்து, துறைமுகத்தில் இழுவைப் படகு ஓட்டும் வேலையில் சேர்ந்திருந்தான்.

இருவரும் இதே நூலை இதே கடையில் முன்பே வாங்கி, ஆளுக்கொரு குழந்தைப் போர்வையைப் பாதிக்கு மேல் பின்னிவிட்டவர்கள். முடிக்க ஆளுக்கு மூன்று கண்டு வேண்டும். புதிதாக வரவழைக்கலாம், ஆனால் அடுத்த முறை சாயம் ஏறிவரும் பால், வேறு மாட்டுப் பாலாக இருக்கும். போர்வையின் நடுவில் கோடு தெரியும்.

"என்ன போர்வை?" என்று கேட்டாள்.

"முயல் போட்டது. எங்க அண்ணன் குழந்தைக்கு. உங்களோடது?"

"டிராகன். எங்க அக்கா குழந்தைக்கு. இந்த வருஷக் குழந்தைன்னா டிராகன்தானே... நீங்க ஏன் முயல் போடறீங்க?"

"புத்தாண்டுக்கு நாலு நாள் முந்தியே வந்துடுச்சுங்க. பழைய வருஷக் கணக்குல முயல்தான்."

அந்த ஊரில் வருடத்துக்கு ஒரு மிருகம் உண்டு; போன வருடம் முயல், பிப்ரவரியில் பிறந்த புது வருடம் டிராகன்.

"எங்க குழந்தையும் நாலு நாள் முந்திதான். ஆனா வசந்தம் பிறந்த நாள் தாண்டிடுச்சே. ஜோசியத்துல புது வருஷமே அன்னிலேர்ந்துதான். விஷயம் தெரிஞ்ச வீட்டுல டிராகன்னுதான் சொல்லுவாங்க."

"பாவம், உங்க குழந்தை. முயலாப் பிறந்துட்டு நெருப்புக் கக்கச் சொன்னா எங்க போகும்?"

"பாவம், உங்க குழந்தை. டிராகனைக் கொண்டுபோய் கேரட் திங்க வெக்கறீங்க."

வாசகருக்கு இந்நேரம் விஷயம் புரிந்திருக்கும். அவர்களுக்குப் புரிய இன்னும் இரண்டு மாதம் ஆகும். காதல் அறிவைக் கூர்மையாக்கும் என்று சொல்பவர்கள் காதலித்தவர்கள் அல்ல.

ஆம், ஒரே குழந்தைதான். கியுஹோவின் அண்ணனுக்கும் நாரேயின் அக்கா சோயோங்குக்கும் பிறந்தது. கல்யாணத்தின்போது கியுஹோ எங்கோ தென் அமெரிக்கக் கரையோரம் இருந்தான். நாரே அவனைப் பற்றிக் கேள்விப்பட்டதெல்லாம் 'கப்பல்ல இருக்கற மச்சினன்' என்ற அளவில்தான். பூசானில் ஒருவனைக் கப்பல்காரன் என்று சொல்வது, குளத்தில் ஒன்றை மீன் என்று அடையாளம் சொல்வது போல.

இதில் ஒரு சிக்கல். அக்காளைக் கொடுத்த வீட்டிலேயே தங்கையையும் கொடுப்பது அந்த ஊரில் வழக்கம் இல்லை. சட்டம் தடுக்கவில்லை, ஆனால் உறவுக்காரர்கள் சட்டத்தைவிட நீளமாகப் பேசுவார்கள். அம்மாவின் தங்கைக்கு ஒரு முறைப்பெயர், சித்தப்பாவின் மனைவிக்கு இன்னொரு முறைப்பெயர். ஒரே பெண் இரண்டுமாக வந்து நின்றால் குழந்தை எதைச் சொல்லி அழைக்கும் என்று கேட்டே கல்யாணங்களை நிறுத்தியிருக்கிறார்கள். இரண்டுக்கும் சித்தி என்று ஒரே சொல்லை வைத்துக்கொண்டு நாம் எவ்வளவு பெரிய தலைவலியைத் தவிர்த்திருக்கிறோம் என்பது நமக்கே தெரியாது.

ஆக, இவர்கள் ஒருவரையொருவர் விரும்பாமல் இருப்பதுதான் எல்லோருக்கும் நல்லது. அதற்கு இடம் வைக்காமல் ஓ அம்மாள் ஒரு தீர்ப்புச் சொன்னாள். ஆளுக்கு இரண்டு கண்டு. ஐந்தாவது பொது. சனிக்கிழமைதோறும் கடை மேஜையில் உட்கார்ந்து, ஒருவர் அதன் உள்முனையிலிருந்தும் மற்றவர் வெளிமுனையிலிருந்தும் எடுத்துப் பின்னிக்கொள்ளலாம். தீரும்போது தீரட்டும். தீர்ப்பை வழங்கிவிட்டு அவள் சோற்றுச் சுருளைத் தின்னப் போய்விட்டாள்.

ஒரே நூல்கண்டின் இரண்டு முனைகளில் இரண்டு பேர்... அவன் இழுத்தால் இவள் பக்கம் உருண்டது. இவள் இழுத்தால் அவன் பக்கம் உருண்டது. சில சமயம் யாரும் இழுக்காமலே உருண்டது.

"இது டிராகன்தானே?" என்று அவள் பின்னியதைத் தலைகீழாகத் திருப்பிப் பார்த்தான் ஒருநாள்.

"வேற என்னவாம்?"

"இல்ல, இறால்ல மீசை வெச்ச ஜாதி ஒண்ணு இருக்கு..."

"உங்க முயல் மட்டும் என்ன? கழுதை கம்மல் போட்ட மாதிரி இருக்கு."

இரண்டு விமரிசனமும் நியாயமானவை. அதனால் ஒப்பந்தம் ஒன்று போட்டுக்கொண்டார்கள். டிராகனின் மீசையை அவன் முடிந்து கொடுத்தான், கப்பலில் கயிறு கட்டும் முடிச்சு. அதே முடிச்சையே தன் முயலின் மீசைக்கும் போட்டான். முயலின் காதுகளை அவிழ்த்து அவள் புதிதாகப் பின்னினாள். இடது கைக்காரி என்பதால் அவள் பின்னல் எதிர்ப்பக்கம் சாயும். அந்த இரண்டு காதுகள் மட்டும் போர்வையின் மற்ற பின்னலுக்கு முதுகைக் காட்டிக்கொண்டு, நிமிர்ந்து நின்றன.

ஏப்ரலில் ஒரு சனிக்கிழமை நல்ல மழை. சந்தை வாசலில் உதிர்ந்த செர்ரிப் பூக்கள் தரையோடு ஒட்டிக் கிடந்தன. ஒரே குடை, அதுவும் ஒரு கம்பி உடைந்த குடை. பேருந்து நிறுத்தம் வரை நடந்தார்கள். அவன் தன் வலது தோள் முழுதும் நனைவதைப் பற்றிக் கவலையே படாமல் நடந்தான். அவள் போர்வைப் பையை நெஞ்சோடு அணைத்துக்கொண்டு, இடித்துவிடாமல்... ஆனால் ரொம்பவும் விலகிவிடாமல்...

"மாண்டொக் சுரங்கப் பாதையில் வாகனங்கள் ஊர்ந்து செல்கின்றன," என்றான் திடீரென்று, அறிவிப்பாளர் குரலில்.

நாரே நின்றுவிட்டாள். காலை நேரப் போக்குவரத்து வானொலியில் தினமும் அதைச் சொல்பவள் அவள்தான். அவனிடம் சொன்னதே இல்லை.

"முதல் நாளே தெரியும். 'கையை எடுங்க'ன்னீங்களே, அப்பவே. தினம் காலைல அந்தச் சுரங்கத்துல மாட்டிக்கிட்டுக் கேக்கற குரல். சீக்கிரம் நெரிசல் தீர்ந்துடக் கூடாதேன்னு நினைச்சிருக்கேன்."

மழை அவள் காதோரம் சூடாக இறங்கியது. அது மழையின் சூடு இல்லை என்பதை நாம் கண்டுகொள்ளாதிருப்போம்.

மே மாதம் பொதுக் கண்டு தீர்ந்தது. அவன் முனையும் அவள் முனையும் ஒன்றுதான் என்பது தெரியும்படி கடைசியில் ஒரு விரல் நீள நூல் மிஞ்சியது. அவன் அதை அறுக்காமல் பார்த்துக்கொண்டே இருந்தான். வருகிற சனிக்கிழமை அண்ணன் குழந்தைக்கு நூறாம் நாள் விருந்து, அதனால் வர முடியாது, அதற்கு அடுத்த சனிக்கிழமை ஒரு விஷயம் சொல்ல வேண்டும் என்றான். தனக்கும் அன்றுதான் விருந்து என்றாள் அவள். அப்போதாவது தோன்றியிருக்க வேண்டும். தோன்றவில்லை. 'சொல்லப் போறார்... நான் சரின்னுதான் சொல்லப் போறேன்' என்பதைத் தவிர அவளுக்கு வேறெதுவும் தோன்றவில்லை.

நூறாம் நாள். சோயோங் வீட்டுக் கூடத்தில் வெள்ளை அரிசிப் பணியாரம், சிவப்புப் பயறு உருண்டை, நடுவில் தூங்கும் குழந்தை. ஒரு பக்கம் குழந்தையின் தாத்தா, கியுஹோவின் அப்பா. பள்ளித் துணைத் தலைமையாசிரியராக ஓய்வு பெற்றவர். தண்ணீர் கேட்டால்கூடக் காலை வழிபாட்டுக் கூட்டத்தில் கேட்பதுபோலக் கேட்பார். முயல் கட்சித் தலைவர். எதிரே நாரேயின் அம்மா, டிராகன் கட்சி. நூறு நாளாகக் குழந்தைக்கு ஜுரம் வந்ததைவிட இவர்களுக்குள் சண்டை வந்ததுதான் அதிகம். 'முயல் குலத்தின் சாந்தமும் விவேகமும்' என்று தாத்தா உரையைத் தொடங்கி இரண்டாவது பத்தியில் இருந்தபோது நாரே போர்வையோடு உள்ளே நுழைந்தாள்.

கூடத்தில், மடியில் போர்வையோடு, கியுஹோ உட்கார்ந்திருந்தான்.

இரண்டு பேருக்கும் ஒரே நொடியில் புரிந்தது. அவன் எழுந்து, கூட்டத்துக்கு முன்னால் வேறு வழியில்லாமல், அவளுக்குச் சம்பந்தி வீட்டுப் பெண்ணுக்குச் செய்யும் வணக்கத்தைச் செய்தான். அவளும் குனிந்து பதில் வணக்கம் செய்தாள். ஒன்றும் தெரியாததுபோல இருந்துவிடலாம், அடுத்த சனிக்கிழமை கடைக்குப் போகாமல் இருந்துவிடலாம், எல்லாம் சரியாகிவிடும்... என்று சொல்லிக்கொண்டே போர்வையை விரித்தாள்.

போர்வைகள் ஒத்துழைக்கவில்லை. முயலும் டிராகனும் பக்கத்தில் பக்கத்தில் கிடந்தபோது நிறம் ஒன்றாக இருந்தது. சோயோங் சின்ன வயதிலிருந்து தங்கையின் பின்னலைப் பார்த்தவள். முயலின் காதைத் தொட்டாள். டிராகனின் மீசை முடிச்சைத் தொட்டாள். பிறகு தங்கையின் முகத்தைப் பார்த்தாள்.

"இந்தக் காது நீ பின்னினதுதானே?"

நாரே வாயைத் திறப்பதற்குள் காது சொல்லிவிட்டது.

அடுத்து நடந்தது ஓர் அதிசயம். முயலா டிராகனா என்று நூறு நாளில் முடிவு செய்ய முடியாத இரண்டு குடும்பங்கள், இது கூடவே கூடாது என்று ஒரே மூச்சில் முடிவு செய்தன. ஊர் என்ன சொல்லும் என்றார் தாத்தா. குழந்தை இவளை என்னவென்று கூப்பிடும் என்றாள் அம்மா. தாத்தா தலையசைத்து அதை ஆமோதித்தார். இருவரும் வாழ்க்கையில் முதல்முறையாக ஒருவருக்கொருவர் பணியாரத் தட்டை நகர்த்திக்கொண்டார்கள்.

கியுஹோ நிமிர்ந்து, தான் விளையாட்டுக்குப் பழகவில்லை என்று மட்டும் சொன்னான். அப்போதுதான் தாத்தா, ஓர் உரைக்குரிய முடிவுரையாக, தேவையில்லாத அந்த வாக்கியத்தைச் சேர்த்தார்.

"எங்க பையன் வெகுளி. அவனா இப்படி யோசிச்சிருக்க மாட்டான்."

அம்மாவின் கையிலிருந்த தட்டு கீழே இறங்கியது.

"ஏன் சம்பந்தி... என் பொண்ணுக்கு என்ன குறை?"

"குறைன்னு நான் சொல்லலியே, சம்பந்தியம்மா. தங்கமான பொண்ணு."

"அப்ப உங்க பையனுக்குத்தான் ஏதாவது குறையா?"

"அவனுக்கென்ன குறை? என் பையனைப் பத்தி அப்படி ஒரு பேச்சு வரக் கூடாது."

குறையே இல்லாத இரண்டு பேரை எந்தக் காரணம் சொல்லி மறுப்பது என்று இருவரும் யோசித்தார்கள். கௌரவம் கதவைச் சாத்தும்போது சில சமயம் தன் விரலையே நசுக்கிக்கொள்ளும்.

சோயோங் அந்த இடைவெளியை விடவில்லை. இரண்டு போர்வையையும் தூக்கித் தங்கையின் மடியில் பாதி, மைத்துனன் மடியில் பாதி போட்டாள்.

"எனக்கு ரெண்டு போர்வை வேணாம். ஒண்ணாச் சேர்த்துக் குடுங்க. என் குழந்தை முயலாவும் இருக்கட்டும், டிராகனாவும் இருக்கட்டும். நாலு நாள் முன்னப்பின்ன வந்ததுக்கு இவ்வளவு நாளா அதை ரெண்டு பக்கமும் இழுத்தது போதும்."

"அது இவளை என்னன்னுடி கூப்பிடும்?" என்றாள் அம்மா, குரல் இறங்கி.

"அது வாயைத் திறக்க இன்னும் ஒரு வருஷம் ஆகும்மா. அப்ப அதையே கேட்டுக்கலாம்."

தாத்தா தொண்டையைச் செருமினார். எல்லோரும் உரைக்குத் தயாரானார்கள். அவர் தண்ணீர் மட்டும் கேட்டார்.

இணைக்க நூல் வேண்டுமே என்று நாரே முணுமுணுத்தாள். கியுஹோ சட்டைப்பையிலிருந்து ஒரு சின்ன உருண்டையை எடுத்தான். அவள் புதிதாகப் பின்னுவதற்காக அவிழ்த்தாளே, அந்தக் கழுதைக் காதுகளின் நூல். இத்தனை நாளாகப் பத்திரமாக வைத்திருந்திருக்கிறான்.

வலது கைக்காரன் ஒரு கோடியிலிருந்தும் இடது கைக்காரி மறு கோடியிலிருந்தும் பின்ன ஆரம்பித்தால் நடுவில்தான் வந்து சேர்வார்கள். இதற்கு ஜோசியம் தேவையில்லை. பின்னல் பின்னலாக, முழங்கை முழங்கையாக, நெருங்கினார்கள். கூடத்தில் எல்லோரும் வேறெங்கோ பார்ப்பதுபோல அவர்களையே பார்த்துக்கொண்டிருந்தார்கள்.

"அடுத்த சனிக்கிழமை ஏதோ சொல்றேன்னீங்க," என்றாள் அவள், ஊசியை விட்டுக் கண்ணை எடுக்காமல்.

"சொல்லணும்தான்... பின்னாடி எங்க அப்பா இருக்கார்."

"சுரங்கத்துல நெரிசலா?"

"பயங்கர நெரிசல்."

"அப்ப நானே சொல்லிடறேன். எனக்கு உங்களைப் பிடிச்சிருக்கு. முயல் வீட்டுக்காரர்னு தெரிஞ்சப்புறமும் பிடிச்சிருக்கு."

அவன் கை நின்றது. தூங்கி எழுந்த பிள்ளையின் அந்தக் கண்கள் முழுதாக விழித்துக்கொண்டன.

"எனக்கும்... ரொம்ப நாளா. அந்த இறாலையும் சேர்த்து."

கடைசிப் பின்னலில் இரண்டு ஊசிகளும் முட்டிக்கொண்டன. அவன் நூலை முடிச்சுப் போட்டான், கப்பலைக் கரையில் கட்டும் முடிச்சு. அவள் அதன் மேல் விரலை வைத்து எடுக்காமலே இருந்தாள். சோயோங் கண்ணைத் துடைத்துக்கொண்டாள். அம்மா மூக்கை உறிஞ்சினாள். முயலும் டிராகனும் ஒரே பால் வெளியில், கோடு தெரியாமல், அருகருகே படுத்திருந்தன.

அன்று பூசானில் வெயில் இருபத்தெட்டு டிகிரி. குழந்தைக்குப் போர்வை தேவைப்படவில்லை.