வெடிக்காத மூன்று தோட்டாக்கள்

செவ்வாய்க்கிழமை காலை பத்து மணிக்கு நர்ஸ் ஒருத்தி மாடிப்படி ஏறிப் போனதைப் பார்த்ததும், கீழ்த்தளத்துத் தையல்காரருக்கு இருப்புக் கொள்ளவில்லை. முகத்தைப் பார்த்தாலே தெரிந்தது, சாதாரணமாக விசாரித்துவிட்டுப் போக வந்தவள் இல்லை. பாதி தைத்த சட்டைக் கையை ஊசியோடு அப்படியே விட்டுவிட்டு, இரண்டிரண்டு படியாகத் தாவி அவரும் மேலே போனார்.

மாடியில் இருப்பவர் முப்பது வருடம் காவல்துறை ஆய்வகத்தில் துப்பாக்கிகளைப் பரிசோதித்து ஓய்வு பெற்றவர். தெருவில் எல்லோருக்கும் அவர் லேப் அம்மா. ஓய்வுக்குப் பிறகும் சிக்கலோடு வருகிறவர்களுக்குக் குறைவில்லை. அப்படி யார் வந்தாலும் தையல்காரருக்குக் கடை இரண்டாம் பட்சம்.

"வாங்க டெய்லர், உங்களுக்கும் சேர்த்துத்தான் நாற்காலி போட்டிருக்கேன்" என்றார் லேப் அம்மா, திரும்பிப் பார்க்காமலே.

நர்ஸ் கைக்குட்டையை விரித்து மூன்று தோட்டாக்களை மேசைமேல் வைத்தாள். மூன்றும் வெடிக்காதவை. மூன்றின் விளிம்பிலும் நகம் பட்டதுபோல் லேசான பள்ளம்.

"நான் ரைபிள் கிளப்ல சுடுறவ மேடம். ஞாயித்துக்கிழமை காலைப் பனியில அணித் தேர்வு. அஞ்சு வருஷமா இதுக்காகத்தான் டூட்டியை மாத்தி மாத்தி வாங்கிப் பயிற்சி எடுத்தேன். முதல் தோட்டா போட்டேன், 'டிக்'னு ஒரு சத்தம், அவ்வளவுதான். ரெண்டாவதும் அப்படியே. மூணாவதும் அப்படியே. தொடர்ந்து மூணு தடவை வெடிக்கலைன்னா துப்பாக்கியை வாங்கி வெச்சுடுவாங்க. என்னை வெளியே அனுப்பிட்டாங்க."

"உங்க இடம் யாருக்குப் போச்சு?" என்று முந்திக்கொண்டார் தையல்காரர்.

"அடுத்த நிலையில இருந்தவங்களுக்கு. கிளப் செயலாளரோட மருமக."

தையல்காரர் தொடையில் தட்டிக்கொண்டார். விஷயம் முடிந்தது என்பதுபோல் லேப் அம்மாவைப் பார்த்தார். அவரோ தோட்டாக்களைத்தான் பார்த்துக்கொண்டிருந்தார்.

"நான் எனக்காக வரலை மேடம்" என்றாள் நர்ஸ். "கிளப்ல துப்பாக்கியெல்லாம் பராமரிக்கிறவர் ஒருத்தர் இருக்காரு. யாரு எவ்வளவு கத்தினாலும் நிதானம் தவறாதவர். அதனால அவரை எல்லாரும் பொறுமைக்காரர்னுதான் கூப்பிடுவோம். ஞாயித்துக்கிழமை மத்தியானம் மூணு மணிக்கு என் துப்பாக்கியை எல்லாரும் பார்க்க சோதிச்சாங்க. பத்துத் தோட்டா போட்டாங்க, பத்தும் வெடிச்சுது. காலைலேர்ந்து அது பூட்டின இரும்பு அலமாரியில இருந்துச்சு. சாவி அவர்கிட்ட. காலைல கெட்டது மத்தியானம் எப்படிச் சரியாச்சு, நீதானே கெடுத்து நீதானே சரி பண்ணேன்னு அவரைக் கேக்கறாங்க. நாளைக்குக் கமிட்டி கூடி வேலையை விட்டு அனுப்பப் போறாங்க. அவர் அப்படிச் செய்யவே மாட்டாரு."

"மத்தவங்களுக்குத் தோட்டா எங்கேர்ந்து வந்துச்சு?"

"எல்லாருக்கும் ஒரே பெட்டி. யாருக்கும் பிரச்சினை இல்லை."

"அலமாரி எங்க இருக்கு?"

"மைதானத்து ஓரத்துல, தகரக் கொட்டகைக்குள்ள."

லேப் அம்மா லேசாகத் தலையசைத்தார். "போல்ட் யார்கிட்ட இருக்கும்?"

போல்ட் என்பது துப்பாக்கியின் பின்பக்கம் முன்னும் பின்னும் தள்ளுகிற இரும்புத் தண்டு என்று நர்ஸ் தையல்காரருக்கு விளக்கினாள். அதன் வயிற்றுக்குள்தான் தோட்டாவை அடிக்கும் ஊசியும் அதை உந்தும் ஸ்பிரிங்கும் இருக்கும். பாதுகாப்புக்காகத் துப்பாக்கி கிளப்பிலும் போல்ட் சுடுகிறவர் வீட்டிலும் தனித்தனியாக இருக்க வேண்டும் என்பது விதி.

"வெள்ளிக்கிழமை பொறுமைக்காரர் சுத்தம் பண்ணி டப்பாவுல போட்டுக் கொடுத்தாரு. ஞாயித்துக்கிழமை காலைல அப்படியே எடுத்துட்டுப் போனேன். துப்பாக்கியை வாங்கினப்போ அதையும் சேர்த்துத்தான் அலமாரியில வெச்சுப் பூட்டினாங்க. உள்ளே இருக்கறதை நான் கண்ணால பார்த்ததே இல்லை. பிரிக்க எங்களுக்கு அனுமதி இல்லை."

"வீட்டுல வேற யாரு?"

"எங்க அண்ணன் மட்டும்தான். பைக் மெக்கானிக். எனக்கு எல்லாமே அவர்தான்."

அன்று மதியமே லேப் அம்மாவும் தையல்காரரும் அந்த அண்ணனின் பட்டறைக்குப் போனார்கள். கழற்றிப் போட்ட சக்கரங்களுக்கு நடுவே உட்கார்ந்திருந்த மெக்கானிக், தங்கையின் பேச்சு எடுத்ததும் எழுந்துவிட்டார். கண்கள் சிவந்திருந்தன. ஞாயிற்றுக்கிழமையிலிருந்து சரியாகத் தூங்காத ஆள் என்று தையல்காரருக்குத் தோன்றியது.

"அந்தப் பெரியவரைப் பாவம்னு சொல்றா என் தங்கச்சி. எனக்கு அப்படித் தோணலை" என்றார் மெக்கானிக். "பராமரிப்புன்னா என்ன? உள்ளே பார்த்தா எலும்பு மாதிரி காஞ்சு கிடக்கு. ஒரு சொட்டுப் பிசுக்கு கிடையாது. அப்படி வெச்சா எந்த மெஷின் ஒழுங்கா ஓடும்?"

"அதானே" என்று தையல்காரரும் தலையாட்டினார். தினமும் மெஷினுக்கு எண்ணெய் விடுகிறவர் இல்லையா.

"கிளப்புக்கு அடிக்கடி போவீங்களா?" என்று கேட்டார் லேப் அம்மா.

"வாசல் கேட்டோட சரி. இறக்கிவிட்டுட்டு வந்துடுவேன். உள்ளே விட மாட்டாங்க."

லேப் அம்மா நன்றி சொல்லிவிட்டுக் கிளம்பினார். திரும்பும் வழியெல்லாம் தையல்காரர் செயலாளரைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றிக்கொண்டே வந்தார். மருமகளுக்கு இடம் கிடைத்தது, அதிகாரம் கையில் இருக்கிறது, இதற்கு மேல் என்ன வேண்டும்?

"அப்படின்னா மத்தியானம் எல்லாரையும் கூட்டிவெச்சு அவர் ஏன் சோதனை நடத்தணும்?" என்றார் லேப் அம்மா. "கமுக்கமா விட்டிருந்தா வேலை முடிஞ்சுதே. நாளைக்கு வர்றப்போ ஒரு வாளி ஐஸ் ஏற்பாடு பண்ண முடியுமா, டெய்லர்?"

எதற்கு என்று கேட்டால் சொல்ல மாட்டார் என்பது தையல்காரருக்குத் தெரியும். கேட்காமல் சரி என்றார்.

புதன்கிழமை கிளப்பின் கூட்ட அறையில் செயலாளர் விறைப்பாக உட்கார்ந்திருந்தார். மருமகளுக்காகச் செய்தார் என்ற பேச்சு அவர் காதுக்கும் எட்டியிருந்தது. யாரையாவது வெளியே அனுப்பித்தான் அந்தக் கறையைத் துடைக்க முடியும் என்று அவர் நினைத்திருக்க வேண்டும். சுவரோரம் பொறுமைக்காரர், இரண்டு கைகளையும் முழங்கால்மேல் வைத்துக்கொண்டு. எதிரே நர்ஸும், அவளைப் பைக்கில் கொண்டுவந்து விட்ட அண்ணனும். லேப் அம்மா கேட்டுக்கொண்டதால் அன்று அவரையும் கூட்ட அறைக்குள் விட்டிருந்தார்கள்.

சோதனை முடிந்ததுமே செயலாளர் போல்ட்டை உறையில் போட்டு அரக்கு முத்திரை வைத்திருந்தார். எல்லோரும் பார்க்க அதை உடைத்தார்.

"அவர் கையில மட்டும் கொடுக்காதீங்க" என்றார், பொறுமைக்காரரைப் பார்த்து.

"நானே பிரிக்கறேன்" என்று லேப் அம்மா மேசைமேல் வெள்ளைத் துணியை விரித்தார். போல்ட்டை இடது கையில் பிடித்து, அதன் வாலில் இருந்த குமிழை அழுத்தித் திருப்பினார். ஸ்பிரிங் துள்ளிவிடாமல் கட்டை விரலால் தாங்கியபடி மெல்ல வெளியே விட்டார். வால் பகுதி, சுருண்ட ஸ்பிரிங், நீண்ட ஊசி என்று ஒவ்வொன்றாகக் கழன்று வந்த வரிசையிலேயே துணிமேல் அடுக்கினார். பொறுமைக்காரர் கழுத்தை நீட்டிப் பார்த்தார். அடுத்த கணம் அவர் முகம் மாறியது.

ஸ்பிரிங்கின் ஒவ்வொரு சுருளுக்கு நடுவிலும் சிவப்பாகக் கெட்டிப் பசை அப்பியிருந்தது.

"இது நான் போட்டதில்லைம்மா" என்றார் பொறுமைக்காரர். அவர் குரல் நடுங்கி அன்றுதான் கேட்டார்கள். "மண்ணெண்ணெய்ல கழுவி, துணியால துடைச்சு, காய வெச்சுத்தான் கொடுத்தேன். ஊசிக்குக் கிரீஸ் ஆகவே ஆகாது."

தையல்காரர் அதை விரல் நுனியில் தொட்டுப் பார்த்தார். "பனிக்காலத்துல விடியக்காலைல என் மெஷினும் இப்படித்தாங்க மக்கர் பண்ணும். கெட்டியான எண்ணெய் விட்டுட்டா வெயில் ஏறினாத்தான் ஓடும்."

"நான் சொல்ல வந்ததை டெய்லர் சொல்லிட்டாரு" என்றார் லேப் அம்மா. "ஐஸைக் கொண்டுவாங்க."

ஊசியையும் ஸ்பிரிங்கையும் பசையோடு அப்படியே திரும்பப் பூட்டி, பிளாஸ்டிக் பையில் கட்டி ஐஸ் வாளிக்குள் வைத்தார். அரை மணி நேரம் காத்திருந்தார்கள். பிறகு அதைத் துப்பாக்கியில் பொருத்தி, ஏற்கெனவே சுட்டு முடித்த வெற்றுக் கூடு ஒன்றைப் போட்டு விசையை இழுத்தார். டிக். கூட்டின் விளிம்பில் அடிபடாத பக்கத்தில் லேசான பள்ளம். போல்ட்டை வெயிலில் வைத்துச் சூடாக்கி இன்னொரு கூட்டை அடித்தபோது பள்ளம் ஆழமாக விழுந்தது.

"இப்போ இதைச் சுத்தம் பண்ணுங்க" என்று பொறுமைக்காரரிடம் நீட்டினார். இந்த முறை செயலாளர் தடுக்கவில்லை.

பொறுமைக்காரரின் கைகளுக்கு உயிர் வந்தது. ஊசியையும் ஸ்பிரிங்கையும் மண்ணெண்ணெயில் முக்கித் தூரிகையால் தேய்த்தார். போல்ட்டின் குழலுக்குள் துணி சுற்றிய குச்சியை விட்டு, துணி வெள்ளையாகவே திரும்பி வரும்வரை திருகித் திருகி எடுத்தார். எல்லாம் காய்ந்த பிறகு கழற்றிய வரிசைக்குத் தலைகீழாகப் பூட்டினார். லேப் அம்மா அதையும் அரை மணி ஐஸில் வைத்து மூன்றாவது கூட்டை அடித்தார். குளிர்ந்த போல்ட்தான், ஆனால் பள்ளம் ஆழமாக விழுந்தது.

உருப்பெருக்கிக் கண்ணாடி தையல்காரர் கைக்கு வந்தது. நர்ஸின் மூன்று தோட்டாக்களையும் மேசையிலிருந்த கூடுகளையும் மாற்றி மாற்றிப் பார்த்தார். "ஞாயித்துக்கிழமை வெடிக்காததுல இருக்கற பள்ளமும், கிரீஸோட ஐஸ்ல வெச்சப்போ விழுந்த பள்ளமும் ஒரே மாதிரி" என்று அறிவித்தபோது அவருக்கே தன் குரலில் ஒரு கம்பீரம் தெரிந்தது.

"காலைப் பனியில கிரீஸ் இறுகிப்போச்சு. ஊசி தயங்கித் தயங்கி அடிச்சுது" என்றார் லேப் அம்மா. "அப்புறம் தகரக் கொட்டகைச் சூட்டுல அதே கிரீஸ் இளகிடுச்சு. மத்தியானம் பத்தும் வெடிச்சுது. நடுவுல யாரும் எதையும் சரி பண்ணலை. சாவிக்கும் இதுக்கும் சம்பந்தமே இல்லை."

"கிரீஸை இவரே போட்டிருக்கலாமே?" என்றார் செயலாளர்.

"இருக்கலாம். ஆனா நேத்து ஒருத்தர் எங்கிட்ட, உள்ளே எலும்பு மாதிரி காஞ்சு கிடக்கு, ஒரு சொட்டுப் பிசுக்கு கிடையாதுன்னு சொன்னாரு. இவர் சுத்தம் பண்ணிக் கொடுத்தப்போ அது காஞ்சுதான் இருந்துச்சுன்னு இவருக்குச் சாட்சி சொன்னதே அவர்தான். கிளப்புக்குள்ள வந்ததே இல்லைன்னும் சொன்னாரு. தங்கச்சிக்கோ உள்ளே எப்படி இருக்கும்னே தெரியாது. பிரிச்சுப் பார்க்காம, அது காஞ்சிருந்தது அவருக்கு எப்படித் தெரிஞ்சுது?"

தையல்காரருக்குச் சுரீர் என்றது. 'அதானே' என்று தலையாட்டியது அவர்தானே.

மெக்கானிக் எழுந்து நின்றார்.

"சனிக்கிழமை இவ டூட்டிக்குப் போயிருந்தா. அஞ்சு வருஷ உழைப்பு, நம்ம பங்குக்கு ஒண்ணுமே செய்யலையேன்னு இருந்துச்சு. டப்பாவைத் திறந்தேன். பிரிச்சா காஞ்சு கிடந்துச்சு. பதறிப்போய்ச் சக்கரத்துக்குப் போடற கிரீஸ்ல நல்லதாப் பார்த்து வெச்சேன். தொடமாட்டேன்னு இவகிட்ட வாக்கு கொடுத்திருந்ததால சொல்லலை. மத்தியானம் பத்தும் வெடிச்சுதுன்னு கேட்டதும், நம்ம மேல தப்பில்லை, அவர்தான் ஏதோ பண்ணியிருக்காருன்னு நம்பிட்டேன்." அவர் பொறுமைக்காரர் பக்கம் திரும்பினார். "உங்க சோத்துல மண்ணைப் போடப் பார்த்தேன் அண்ணே. என்னை மன்னிக்கணும்."

பொறுமைக்காரர் கையிலிருந்த துணியை மடித்து வைத்தார். "கெடுக்கணும்னு செய்யலையே. காஞ்சு கிடந்ததைப் பார்த்துப் பதறினீங்க. சொல்லியிருந்தா நானும் ரெண்டு நாள் தூங்கியிருப்பேன்."

நர்ஸ் வாசலில் நின்ற அண்ணனின் பைக்கைத் தாண்டி நடந்துபோய்ப் பஸ் ஏறினாள்.

செயலாளர் வேலைநீக்கக் கடிதத்தைக் கிழித்துப் போட்டார். மறுதேர்வு வைப்பது பற்றி அவர் தயங்கியபோது, முடிவு வேறு பக்கத்திலிருந்து வந்தது. அவருடைய மருமகள் அன்று மாலையே ஒரு வரி எழுதி அனுப்பினாள். சுட்டு ஜெயிக்காத இடம் தனக்கு வேண்டாம் என்று.

ஞாயிற்றுக்கிழமை காலை மறுதேர்வின்போது மைதானத்தில் பனி அப்படியே நின்றது. புல்லெல்லாம் வெள்ளை. தையல்காரர் சால்வையைக் காதுவரை சுற்றிக்கொண்டு லேப் அம்மாவின் பக்கத்தில் நின்றார். இந்த முறை மெக்கானிக்கையும் மைதானத்துக்குள் விட்டிருந்தார்கள். நர்ஸ் படுத்து, துப்பாக்கியைத் தோளில் பொருத்தி, முதல் தோட்டாவைப் போட்டாள். மெக்கானிக் கண்ணை இறுக்க மூடிக்கொண்டார்.

வெடித்தது. சத்தம் மைதானத்தைச் சுற்றிவந்து அடங்குவதற்குள் மெக்கானிக் தரையிலேயே உட்கார்ந்துவிட்டார்.

"இன்னும் அம்பத்தொன்பது இருக்கு தம்பி" என்று பொறுமைக்காரர் அவர் தோளில் கை வைத்தார். "இப்பவே உக்காந்தா எப்படி?"

அறுபதும் வெடித்தன. செயலாளரின் மருமகளும் சுட்டாள்; அவளைவிட நான்கு புள்ளி கூடுதல். பலகையில் எழுதியதைப் பார்த்து முதலில் கைதட்டியவளும் அந்த மருமகள்தான். நர்ஸ் பொறுமைக்காரரின் கையைப் பிடித்துக்கொண்டு கொஞ்ச நேரம் நின்றாள். லேப் அம்மாவிடம் வந்து சிரித்தாள்.

பிறகு கடிகாரத்தைப் பார்த்தாள். நாலு நாளாகப் பேசாமல், பஸ்ஸிலேயே போய்வந்தவள், வேலியோரம் ஒதுங்கி நின்ற அண்ணனிடம் நேராகப் போனாள்.

"டூட்டிக்கு நேரமாச்சு அண்ணா" என்றாள். "வண்டியை எடு."