பெரிய வெல்லத் துண்டுகள்

வெல்லத்தைப் பொடிப்பொடியாக நறுக்குவதில் புவனை மிஞ்ச மைசூரில் ஆளில்லை. ஆனால் இந்தச் சங்கராந்திக்கு அவன் கத்தியைத் தொடவே இல்லை.

காரணம், தங்கை இஞ்சரா. புவனுக்குப் பேச்சு திக்கும். பத்து நாளுக்கு முன், தோழிகளைச் சிரிக்க வைக்க, "த... த... தங்கச்சி" என்று அவனைப் போலவே பேசிக் காட்டினாள். எல்லோரும் சிரித்தார்கள். திரும்பிப் பார்த்தால், வாசலில் புவன்! அன்று மூடிய வாயை அவன் இன்னும் திறக்கவில்லை.

வெல்லத்தை இஞ்சராவே வெட்டினாள். ஒவ்வொன்றும் கோலிக்குண்டு அளவு.

"என்ன குட்டி, இது தின்னவா, எறியவா?" என்றார் அம்மா.

"அண்ணா மாதிரி எனக்கு வராதும்மா." அவள் கண் கலங்கியது.

பட்டுப்பாவாடை கட்டி, எள், வெல்லம், கொப்பரை, கடலை கலந்த தட்டோடு கிளம்பினாள். அந்த ஊர் சங்கராந்தி வழக்கப்படி, இதைத் தின்று நல்லதையே பேசுங்கள் என்று சொல்லி வீடு வீடாகக் கொடுக்க வேண்டும். எதிர்வீட்டு வாசலில் அவளுக்குக் கால் எழவில்லை. தன் வீட்டில் அப்படிப் பேசிவிட்டு, எந்த வாயால் ஊருக்குச் சொல்வது?

திரும்பி வந்து, தன் வீட்டு மணியையே அடித்தாள்.

"புவன், யாருன்னு பாருடா! பொங்கல் அடிப்பிடிக்குது!" என்று அம்மா கத்தினார்.

கதவைத் திறந்தவன் முறைத்தான்.

"எள்ளு கொடுக்க வந்தேன். தின்னுட்டு நல்லதா..." பேசு என்று சொல்ல வந்தவள் நிறுத்திக்கொண்டாள். தப்பாகப் பேசியது அவள்; அண்ணனிடமா அதைச் சொல்வது? ஒரு துண்டை எடுத்துத் தன் வாயிலேயே போட்டுக்கொண்டாள்.

"நாந்தாங் நல்லழாப் பேஷணும்..." வெல்லம் கன்னத்தை அடைத்தது. கண்ணீர் வேறு. புவன் அவசரப்படுத்தாமல் நின்றான். மென்று விழுங்கி முடித்தாள். "அன்னிக்குப் பேசினது தப்பு அண்ணா. ரொம்பத் தப்பு."

"இ... இன்னும் வ... வலிக்குது."

"தெரியும்." தோழிகளின் அந்தச் சிரிப்பைத் திருப்பி வாங்க முடியாதே என்று அவளுக்கு இருந்தது.

புவன் தட்டைப் பார்த்தான். "இது வெ... வெல்லமா, செ... செ..."

இஞ்சராவுக்கு அந்த வார்த்தை தெரியும். ஆனாலும் சொல்லாமல் காத்திருந்தாள்.

"செங்கல்லா?"

இருவருக்கும் சிரிப்பு வந்துவிட்டது.

"க... கத்தியைக் கொண்டா," என்றான் புவன்.

அன்று அந்தத் தெருவுக்குப் போன வெல்லத்தில் ஒரு துண்டுகூடப் பெரிதாக இல்லை.