இரட்டை முடிச்சு

வெண்ணந்தூரில் அந்த வீட்டுப் படியை மறுபடி மிதிக்க, புண்ணுக்குக் கட்டுப் போடும் டிரஸ்ஸர் சண்முகவேலுக்குத் துளியும் மனமில்லை. ஆனாலும் வந்தார். போன வருஷம், 1936 ஆடியில், கந்தப்பனின் நீரிழிவுப் புண்ணை இங்கேதான் அறுத்துச் சுத்தம் செய்தார். இப்போது அவன் தம்பி பச்சமுத்துவுக்கும் பாதத்தில் அதே புண்.

மழை மூடிய மத்தியானம். வீட்டில் வெளிச்சம் விழுவது தறிமேல் மட்டும்தான். சண்முகவேல் நெசவாளி போலத் தறிக்குழிக்குள் வெறுங்கால்களைத் தொங்கவிட்டு உட்கார்ந்தார். பச்சமுத்துவின் பாதத்தைப் பலகைமேல் வைத்துக் கட்டைப் பிரித்தார். அழுகல் வாடை குப்பென்று எழுந்தது.

கத்தி கருஞ்சதையைச் சீவியது.

"நோவுதா?"

"ஒண்ணுமே தெரியலீங்க. நீங்க பாட்டுக்கு அறுங்க."

அதுதான் இந்த நோயின் கேடு. நோயாளி கத்தமாட்டான், சிவப்பு ரத்தம் கசியும்வரை அறுப்பவன்தான் பார்த்துக்கொள்ள வேண்டும். கந்தப்பனுக்கு அவர் பார்க்கவில்லை. கடைசி பஸ் போய்விடுமே என்று குதிகாலில் நகமளவு கருஞ்சதையை அப்படியே விட்டு, மேலே துணி சுற்றி, தன் வழக்கப்படி இரட்டை முடிச்சுப் போட்டுவிட்டார். பத்தாம் நாள் கந்தப்பன் போய்ச் சேர்ந்தான். காரணம் இவர் ஒருவருக்குத்தான் தெரியும். பாவி, இவனையாவது காப்பாற்று என்று தன்னையே வைதுகொண்டார்.

ரத்தம் கசிந்தது. கத்தியைக் கீழே வைத்தார்.

"இன்னும் இருக்குதுங்க."

"யாரம்மா பேசினது?"

தண்ணீர்ச் சட்டியோடு நின்ற பச்சமுத்துவின் மனைவி பழனியம்மாள் விழித்தாள். "ஆரும் பேசலீங்களே."

குரல் கீழேயிருந்து வந்திருந்தது.

குனிந்து பார்த்தார். குதிகால் மடிப்பில் நகமளவு கருப்பு. அன்று விட்ட அதே இடம். அதையும் அறுத்தார். நல்ல சிவப்பு வந்தது. இந்தக் கால் தப்பிவிடும். சண்முகவேலுக்கு அழுகையே வந்துவிட்டது.

குழிக்குள் தறியின் மிதிகட்டை தானாக ஒருமுறை இறங்கி ஏறியது.

ஈரமான ஏதோ ஒன்று அவருடைய வலது குதிகாலைப் பற்றியது. பிறகு பொறுமையாகச் சுற்றியது.

சுற்றிக்கொண்டே இருந்தது.

பதறிக் காலை மேலே இழுத்தார்.

"ஐயோ சாமி, உங்க கால்ல ஆருங்க கட்டுப் போட்டது?" என்று பழனியம்மாள் அலறினாள்.

பழுப்பேறிய துணி. அவருடைய இரட்டை முடிச்சு.

பிய்த்து எறிந்தார். குதிகாலில் நகமளவு கருப்பு. கத்தி முனையை அதில் வைத்து அழுத்தினார். முனை உள்ளே இறங்கியது.

குழிக்குள்ளிருந்து மெதுவாகக் கேட்டது:

"நோவுதுங்களா?"