வெட்டுப்பட்ட பதினொரு மாடுகள்

"ஐயோ, அது என் கவிதை!"

வெண்டெலின் கத்தரிக்கோல் அந்தரத்தில் நின்றது. வாசலில் மழை சொட்டச் சொட்ட ஒரு சிவப்புக் கோட்டு. அதற்கு மேலே இரண்டு கண்கள்... பச்சையா, பழுப்பா? முடிவு செய்வதற்குள் திட்டு விழுந்தது.

"இருந்ததே ஒரு பிரதி! சனிக்கிழமை மேடையில வாசிக்கணும். எங்கப்பா முதல் தடவையா கேக்க வர்றார்!"

"பழைய பேப்பர் குவியல்ல இருந்துச்சு..."

"ஈரம் காயட்டும்னு வெச்சேன், கவிஞரே!"

"மனப்பாடமா தெரியாதா?"

"மனப்பாடம் பண்ணினா கவிதை செத்துடும்னு இங்கதானே சொல்லிக் குடுத்தாங்க!"

அமெரிக்காவின் போல்டர் நகரத்து மலையடிவாரக் கவிதைப் பள்ளியில் செவ்வாய்க்கிழமை வெட்டி ஒட்டும் வகுப்பு. பழைய தாள்களைத் துண்டாக்கி, கண்ணை மூடிக் கலந்து, வந்த வரிசையில் ஒட்டினால் கவிதை. திருத்துவது பாவம். ரப்பர் வைத்திருப்பவனை அங்கே பிக்பாக்கெட்டைப் போலப் பார்ப்பார்கள். வெண்டெல் செய்த குற்றம், பாடத்தை ஒழுங்காகப் படித்தது. சிவப்புக் கோட்டுக்காரி லோரெட்டாவின் கவிதை நாற்பது துண்டுகளாகிவிட்டது.

"முழுசா ஒட்டிக் குடு. அதுவரைக்கும் எங்கிட்ட பேசாத."

மூன்று நாள் ஒட்டினான். கவிதையில் ஒரு பனிப்புயல், பதினொரு மாடுகள், அவற்றைத் தேடிப் போய் விடியும்வரை திரும்பாத ஓர் அப்பா. மாடுகளை வரிசைப்படுத்தவே இரண்டு நாள் ஆயிற்று. அப்பா வேலியோரம் வந்து நின்ற துண்டை ஒட்டும்போது அவன் விரல் சற்றுத் தயங்கியது. முகத்துக்கு நேரே சொல்ல முடியாததைத்தான் இவள் மேடையில் சொல்லப் போகிறாளோ...

ஒரு துண்டு மட்டும் கிடைக்கவில்லை.

சனிக்கிழமை மதியம். பின்வரிசையில் தொப்பியை மடியில் வைத்தபடி, வயோமிங் மாட்டுப் பண்ணையிலிருந்து வந்திருந்த லோரெட்டாவின் அப்பா. மேடையோரம் லோரெட்டா தாளைப் படித்தாள்.

"இந்த வரி என்னோடது இல்லையே. 'எல்லாம் வெளுத்த பனியில் ஒரு சிவப்புக் கோட்டு மட்டும் போகாமல் நிற்கிறது'..."

"துண்டு தொலைஞ்சிடுச்சு. நானே எழுதினேன்."

"எத்தனை தடவை திருத்தின?"

அக்கம்பக்கம் பார்த்துக்கொண்டான். "இருபத்திரெண்டு."

"வெளிய தெரிஞ்சா துரத்திடுவாங்க! முதல்ல என்னதான் எழுதின?"

"உன்னை ரொம்பப் பிடிச்சிருக்குன்னு..."

கண்கள் பச்சைதான்.

லோரெட்டா கோட்டுப் பையிலிருந்து ஒரு காகிதத் துண்டை எடுத்தாள்.

"அன்னிக்கே ஈரக் கையில ஒட்டிக்கிட்டு வந்துடுச்சு."

"அப்புறம் ஏன் குடுக்கல?"

"தேடிக்கிட்டு எங்கிட்ட வருவேன்னு மூணு நாளா காத்திருந்தேன்... நீ என்னடான்னா, லூசு மாதிரி உக்காந்து எழுதியிருக்க!"

மேடையில் மணி அடித்தது. அவள் துண்டைப் பத்திரமாகத் திரும்பப் பைக்குள் வைத்துக்கொண்டாள். அவன் வரியோடு மேடையேறினாள்.